லுகோசியின் நிறுத்தங்கள்

அன்புள்ள ஐயா,

ஹங்கேரிய நடிகர் பேலா லுகோசிக்கு ஆங்கிலமே தெரியாது, ரத்தக்காட்டேரிக் கதையான 'டிராகுலா' படத்தில் வசனங்களை வெறும் ஒலியாக உருப்போட்டு ஒப்பித்தார், அந்தத் தடுமாற்றத்தைத்தான் உலகம் திகில் என்று எடுத்துக்கொண்டது என ஒரு காணொளியில் கேட்டேன். அப்படியானால் அது நடிப்பா, விபத்தா? ஹங்கேரியில் அவர் பெரிய நடிகர்தானா?

– எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

காணொளிக்காரர் எட்டு ஆண்டு தள்ளிச் சொல்லிவிட்டார். உருப்போட்டது 1922இல், நியூயார்க் மேடையில் 'தி ரெட் பாப்பி' நாடகத்துக்காக. டிராகுலா படப்பிடிப்பு 1930இன் இறுதியில். அதற்குள் அவர் அமெரிக்கா வந்து பத்து ஆண்டு ஆகியிருந்தது. 1927 அக்டோபரில் தொடங்கிய பிராட்வே நாடகத்தில் அதே வேடம், 261 காட்சிகள்; பிறகு வெளியூர்ப் பயணம் வேறு. தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் வசனம் வந்திருக்கும்.

அந்தக் கனத்த பேச்சில் பாதி தாய்மொழி தந்தது. ஹங்கேரியனில் அழுத்தம் எப்போதும் சொல்லின் முதல் அசையில். மற்ற உயிரெழுத்துகளையும் ஆங்கிலேயர்போல் விழுங்க மாட்டார்கள், ஒவ்வொன்றும் முழுதாக ஒலிக்கும். ஆங்கிலத்தின் இரண்டு 'வ'க்களில் ஒன்று அவர்களுக்கு இல்லை (நமக்கும்தான்). மறுபாதி மேடைப் பயிற்சி. "நான் ஒருபோதும் குடிப்பதில்லை... வைன்" என்னும் இடத்தில் நிற்கிறாரே, மொழி தெரியாதவர் அங்கே நிற்க மாட்டார். எதைக் குடிப்பார் என்று நாம் நினைத்து முடிக்கும்வரை காத்திருந்துவிட்டு அந்தக் கடைசிச் சொல்லைப் போடுகிறார்.

படத்தில் அவருக்குக் கோரைப்பல்லே கிடையாது, கவனித்தீர்களா? கண்ணும் கையும்தான் வேலை செய்கின்றன. ஒளிப்பதிவாளர் கார்ல் ஃப்ராய்ண்ட் இரண்டு சிறு ஒளிக்கீற்றுகளைக் கண்களில் மட்டும் விழவைத்தார். தலை கொஞ்சம் அசைந்தாலும் கீற்று நெற்றிக்கோ கன்னத்துக்கோ போய்விடும். அசையாமல் நின்று கண்ணால் மட்டும் நடிக்கத் தெரிந்தவர் வேண்டும். அந்த உயர்ந்த கழுத்துப்பட்டை வைத்த மேலங்கியும் நாடகக்காரர்களின் உபாயம். பார்வையாளருக்கு முதுகு காட்டி நின்றால் பட்டை தலையை மறைத்துவிடும். நடிகர் தரைக்கதவு வழியாக நழுவ, மற்றவர்கள் கையில் வெற்று அங்கி மிஞ்சும்.

ஹங்கேரியைப் பற்றி: 1882இல் லுகோஷ் ஊரில் பிறந்தவர் (இன்று ருமேனியாவில்). இயற்பெயர் ப்ளாஷ்கோ. 'லுகோஷி' என்றால் லுகோஷ்காரர், அவ்வளவே. ஹங்கேரியர் அப்படித்தான் உச்சரிப்பார்கள். செகெட் நகரில் ரோமியோவாக நடித்தார். 1913இல் புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் சேர்ந்தார், ஆனால் அங்கே கிடைத்தவை பெரும்பாலும் சிறு வேடங்கள். தலைசிறந்த நாயகன் என்பது அமெரிக்க விளம்பரம் ஊதியது. இடையே போர்முனை, காயம். 1919இல் ஹங்கேரியில் கம்யூனிஸ்ட் தலைவர் பேலா குன் நடத்திய சோவியத் ஆட்சிக்காலத்தில் நடிகர் சங்கம் கட்டுவதில் முன்னின்றார். ஆட்சி கவிழ்ந்ததும் வியன்னா, பெர்லின் என்று ஓட வேண்டியதாயிற்று.

டிராகுலாவுக்குக் கிடைத்த சம்பளம் வாரம் 500 டாலர், ஏழு வாரம். அதைவிட மோசம், பிறகு வந்ததெல்லாம் அதே அச்சு. இடுப்பு நரம்பு வலிக்கு எடுத்துக்கொண்ட மார்ஃபின் பழக்கமாகி, 1955இல் தானாகவே சிகிச்சைக்குச் சேர்ந்தார். 1956 ஆகஸ்டில் மறைந்தார். அந்த அங்கியோடுதான் புதைத்தார்கள். அவர் முகத்தை வணிகப் பொருளாக்கும் உரிமை யாருக்கு என்று மகனும் மனைவியும் டிராகுலாவை எடுத்த யுனிவர்சல் நிறுவனத்தோடு வழக்காடினார்கள். 1979இல் கலிஃபோர்னிய உச்ச நீதிமன்றம், அது வாரிசுக்குப் போகாது என்றது. 1985இல் சட்டம்தான் அதை மாற்றியது.

இன்னும் சந்தேகம் இருந்தால் 1939இல் வந்த இரண்டு படங்களை அடுத்தடுத்துப் பாருங்கள். 'சன் ஆஃப் ஃப்ராங்கன்ஸ்டைன்' படத்தில் தூக்கிலிருந்து தப்பிய இகோர்: முறிந்த கழுத்து, கரகரத்த குரல், குறும்புச் சிரிப்பு. டிராகுலாவின் சாயலே இல்லை. 'நினோட்ச்கா'வில் கிரெட்டா கார்போவை அதட்டும் சோவியத் அதிகாரி. வருவது கொஞ்ச நேரம்தான். புரட்சியின் பக்கம் நின்றதற்காக நாட்டைவிட்டு ஓடியவருக்கு ஹாலிவுட் கொடுத்த வேடம் அது.