நாற்பதாயிரம் தடவை ஓடிய ராப் பாட்டு, ஒரு சதமும் வராதது ஏன்?

கேள்வி: நாங்கள் மூன்று பேர், இடம் புதுக்குடியிருப்பு. யூரியூப்பில் ‘ஃப்ரீ’ என்று கிடந்த பீற்றை (ராப்புக்கான பின்னணி இசையை) இறக்கி ஒரு ராப் பாட்டுச் செய்தோம். ரிக்ரொக்கில் அதன் துண்டு நாற்பதாயிரம் தடவை ஓடியது. யூரியூப்பில் முழுப் பாட்டை எண்ணூறு பேர்தான் பார்த்தார்கள். வருமானம் இல்லை. காசு தந்தால் ஒரு லட்சம் வியூ ஏற்றித் தருவதாக ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா? ஹிட் ஆகிற பாட்டுகளுக்கு வேறென்ன செய்கிறார்கள்?

பதில்: கொடுக்க வேண்டாம். விலைக்கு வாங்கிய வியூவை யூரியூப் கண்டுபிடித்துக் கழித்துவிடும். ஸ்பொட்டிஃபையில் அதையே செய்தால் பாட்டு நீக்கப்படலாம். 2024 முதல் விநியோகத் தளத்துக்கு (பாட்டை ஸ்பொட்டிஃபை போன்றவற்றுக்குக் கொண்டுசேர்க்கும் சேவைக்கு) தண்டமும் விழுகிறது. அந்தத் தண்டத்தைத் தளங்கள் பாட்டுக்காரரிடமே அறவிடுகின்றன.

உங்கள் உண்மையான சிக்கல் அந்த ‘ஃப்ரீ’ பீற். அநேகமாக அதன் கீழே சிறிய எழுத்தில் ‘இலாப நோக்கற்ற பாவனைக்கு மட்டும்’ என்று இருக்கும். அப்படியானால் நாளைக்கு ஒரு கோடிப் பேர் கேட்டாலும் அந்தப் பாட்டில் காசு எடுக்க உங்களுக்கு உரிமை இல்லை. இப்போதே பீற் செய்தவரைத் தொடர்புகொண்டு உரிமம் வாங்குங்கள். சாதாரண உரிமம் சில பத்து டொலருக்குள் முடியும். ஆனால் அதே பீற் இன்னும் பலருக்கும் விற்கப்படும். எத்தனை ஸ்ட்ரீம் (இணையத்தில் ஒரு தடவை கேட்பது) வரை செல்லும் என்ற எல்லையும் இருக்கும். அந்தப் பீற்றில் செய்த பாட்டை யூரியூப்பின் கொன்ரென்ற் ஐடியில் (ஒரு பாட்டின் ஒலி வேறு வீடியோவில் வந்தால் தானாகக் கண்டுபிடிக்கும் முறையில்) பதியவும் கூடாது. பதிந்தால் அதே பீற்றை வாங்கிய மற்றவர்களின் பாட்டுகளில் உங்கள் உரிமைக்கோரல் போய் விழும், சண்டை வரும். தனியுரிமம் (உங்களுக்கு மட்டுமே தரும் உரிமம்) விலை கூட. உங்கள் ஊரிலேயே பீற் செய்யத் தெரிந்த பொடியன் இருந்தால் அவருக்கு ஒரு பங்கு எழுதிக்கொடுப்பது இதைவிட மலிவு.

அமெரிக்க ராப் பாடகர் லில் நாஸ் எக்ஸின் ‘ஓல்ட் ரவுண் ரோட்’ 30 டொலருக்கு வாங்கிய பீற்றில் பிறந்தது. 2019 இல் அமெரிக்கப் பாட்டுத் தரவரிசையான பில்போர்ட் ஹொட் 100 இல் 19 வாரம் முதலிடத்தில் நின்றது. அந்தப் பீற்றுக்குள் நைன் இஞ்ச் நெயில்ஸ் குழுவின் இசைத்துண்டு ஒன்று இருந்ததால், அதை ஆக்கியவர்களின் பெயரையும் பாட்டில் சேர்க்க நேர்ந்தது. பீற் விற்பவரிடம் ‘இதில் வேறு யாருடைய துண்டாவது இருக்கிறதா?’ என்று எழுத்தில் கேளுங்கள். சினிமாப் பாட்டின் நான்கு செக்கன் துண்டுக்கும் இதே கதைதான். அருவி வெட்டுப் பாட்டு (நெல் அறுவடைப் பாட்டு), தாலாட்டு போன்ற பழைய மெட்டுகளை உங்கள் குரலில் புதிதாகப் பாடிச் சேர்த்தால் அந்த வில்லங்கம் இல்லை. ஆனால் வேறொருவர் பதிவுசெய்த ஒலியை வெட்டி ஒட்டக்கூடாது. மெட்டு பொதுவாக இருந்தாலும் அந்தப் பதிவு அவருடையது.

இனிப் பாட்டின் அமைப்பு. ஸ்பொட்டிஃபையில் 30 செக்கன் கேட்டால்தான் ஒரு ஸ்ட்ரீம். நிமிடத்துக்கு 90 தட்டு என்ற வேகத்தில், நான்கு தட்டுக் கொண்ட பார் 16 பாட ஏறக்குறைய 43 செக்கன் பிடிக்கும். நான்கு பார் முன்னிசை (கிட்டத்தட்ட 11 செக்கன்), பிறகு 16 பார் என்று போட்டால் பல்லவி 54 ஆவது செக்கனில்தான் வரும். அதற்குள் கேட்பவர் போய்விடுவார். இரண்டு பார் முன்னிசை, உடனே எட்டு பார் பல்லவி என்று வையுங்கள். 27 ஆவது செக்கனில் பல்லவி முடிந்திருக்கும். ரிக்ரொக்கில் ஓடிய துண்டு உங்கள் பாட்டின் நடுவிலிருந்து எடுத்ததாக இருந்தால், அதைத் தேடி வந்தவர்கள் முன்னிசையிலேயே திரும்பிப் போயிருப்பார்கள்.

வரிகளில் ஒரு பழக்கத்தை விட வேண்டும். தமிழில் வினை கடைசியில் நிற்பதால் ‘போறன், வாறன், பாடுறன்’ என்று இயைபு (வரிக் கடைசியில் ஒலி ஒத்துப்போவது) சும்மாவே விழும். சும்மா விழுவதற்குக் காதில் பெறுமதி இல்லை. எதுகையை வரியின் முன்பாதிக்குக் கொண்டுவாருங்கள்: ‘வரம்பில நடந்த கால், நரம்பில ஓடுது தாளம்’. அடிக்கும் தட்டில் அந்த ‘ரம்பி’ விழுந்தால் ஒருமுறை கேட்டவருக்கே வரி பாடமாகிவிடும். வன்னிப் பேச்சை மாற்றி சென்னைப் பேச்சுக்குப் போக வேண்டாம். வாய்க்குப் பழகாத சொல் தாளத்தில் பிந்தும்.

தகரக்கூரை வீட்டில் பதிவதென்றால் மைக்குக்குப் பின்னாலும் பாடுபவரின் முதுகுக்குப் பின்னாலும் மெத்தை அல்லது தடித்த போர்வை கட்டுங்கள். காற்றாடியை நிறுத்துங்கள். வாய்க்கும் மைக்குக்கும் ஒரு சாண். உச்ச ஒலி −6 டெசிபெல்லைத் தாண்ட வேண்டாம். பீற்றை எம்பி3 ஆக அல்லாமல் வேவ் கோப்பாக வாங்குங்கள். கலவை முடிந்ததும் சத்தத்தை உச்சிக்கு ஏற்றி நசுக்காதீர்கள். ஸ்பொட்டிஃபை சராசரிச் சத்தத்தை −14 லஃப்ஸுக்கு (சத்தத்தை அளக்கும் அலகு) இறக்கிவிடும், நசுங்கல் மட்டும் மிஞ்சும்.

பாட்டை விநியோகத் தளம் ஒன்றின் வழியாகக் கொடுங்கள். ரிக்ரொக்கில் நேரே ஏற்றிய ஒலிக்கு மற்றவர்கள் ஆடினாலும் உங்களுக்கு உரிமைப்பணம் வராது. விநியோகத்தின்போது அந்த ஓடிய துண்டையே ரிக்ரொக் தொடக்கமாகக் குறியுங்கள். வெளியீட்டுக்குக் குறைந்தது ஏழு நாளுக்கு முன் ஸ்பொட்டிஃபை ஃபோர் ஆர்ட்டிஸ்ட்ஸ் (பாட்டுக்காரருக்கான ஸ்பொட்டிஃபை பக்கம்) வழியாக விண்ணப்பித்தால் உங்களைப் பின்தொடர்பவர்களின் புதிய பாட்டு வரிசையில் அது சேரும். காசு எடுக்கும் வழி இலங்கை வங்கிக் கணக்குக்குப் பொருந்துகிறதா என்பதைச் சேரும் முன்னரே பாருங்கள்; பலர் இதைக் கடைசியில்தான் பார்க்கிறார்கள்.

தொகைகள் வருமாறு. ஸ்பொட்டிஃபையில் ஒரு பாட்டு 12 மாதத்தில் 1,000 ஸ்ட்ரீம் தொடாவிட்டால் பதிவு உரிமைப்பணம் இல்லை. யூரியூப்பில் விளம்பர வருமானத்துக்கு 1,000 சந்தாதாரரும், 12 மாதத்தில் 4,000 மணிநேரப் பார்வையும் வேண்டும். மூன்று நிமிடப் பாட்டை 80,000 தடவை முழுதாகப் பார்த்தால்தான் அந்த மணிநேரம் சேரும். மாற்று வழி, 90 நாளில் ஒரு கோடி ஷோர்ட்ஸ் பார்வை. வருமானம் 10 டொலரைத் தொட்டதும், விளம்பரக் காசைத் தரும் கூகிளின் அட்சென்ஸ் உங்கள் முகவரியை உறுதிசெய்யத் தபாலில் ஓர் இரகசிய இலக்கம் அனுப்பும். வீட்டு இலக்கம் இல்லாத ஒழுங்கை என்றால் தபால்காரர் தவறவிடாத கடை முகவரியைக் கொடுங்கள். 100 டொலர் சேர்ந்த பிறகே பணம் வரும். அமெரிக்க வரிப் படிவத்தை நிரப்பாமல் விட்டால் மொத்த வருமானத்திலும் 24 வீதம் வரை வெட்டுவார்கள்.

ஒரே எண்ணிக்கைப் பார்வைக்கு ரொறொன்ரோவிலிருந்தும் லண்டனிலிருந்தும் வரும் விளம்பரக் காசு இங்குள்ளதைவிட மிக அதிகம். ஆகவே நம் நேரம் இரவு 8.30 க்கு வெளியிடுங்கள். லண்டனில் அது பின்னேரம், ரொறொன்ரோவில் முற்பகல்.

மூவரின் பங்கையும் வீத அளவில் ஒரு தாளில் எழுதி, அடையாள அட்டை இலக்கத்துடன் கையெழுத்திடுங்கள். காசு வரும் கணக்கு ஒருவர் பெயரில்தான் இருக்கும்.

பழைய பாட்டை அழித்துவிடாதீர்கள், உரிமம் கிடைக்கும்வரை மறைத்து வையுங்கள். பழைய பாட்டும் பிந்தி ஏறலாம். லண்டன் தமிழ் ராப் பாடகி எம்.ஐ.ஏ.யின் ‘பேப்பர் பிளேன்ஸ்’ 2007 இல் இசைத்தொகுப்பில் வந்தது. ஒரு படத்தின் முன்னோட்டத்தில் ஒலித்த பிறகு, 2008 இல்தான் ஹொட் 100 இன் நான்காம் இடத்துக்கு ஏறியது.