திரை இல்லாத பாவைக்கூத்து

அன்புள்ள ஐயா,

சென்ற மாதம் பாலித்தீவுக்குப் போயிருந்தோம். உபுத் பக்கத்தில் ஒரு கிராமக் கோயிலில் திருவிழா. பட்டப்பகலில் ஒருவர் தோல்பாவைக்கூத்து நடத்திக்கொண்டிருந்தார். திரை இல்லை, விளக்கு இல்லை, எதிரே ஒரு ஆள்கூட இல்லை. மனம் கனத்துவிட்டது. அங்கேயும் கலை இப்படி ஆகிவிட்டதா?

வாசகி, மதுரை

அன்புள்ள வாசகிக்கு,

நீங்கள் பார்த்தது ஆள் வராமல் போன கூத்து அல்ல. அதன் பெயர் வாயாங் லெமா. பகலில், திரை கட்டாமல்தான் அதை ஆடுவார்கள். இரண்டு கல்யாணமுருங்கைக் கிளைகளுக்கு நடுவே பருத்தி நூல் ஒன்று ஓடியிருக்கும், பார்த்தீர்களா? பாவைகள் அந்த நூலில் சாய்ந்து நிற்கும். பக்கத்தில் குருக்கள் மணியடித்து மந்திரம் சொல்லும்போதே இவரும் கதை சொல்வார். இரண்டும் ஒரே பூசை. கூத்து பார்க்க வந்தவர்கள் தெய்வங்களும் பூதங்களும்.

கண்ணுக்குத் தெரியும் உலகம் பாலி மக்களுக்கு செகாலா, தெரியாதது நிஸ்காலா. நம் சைவ நூல்களில் வரும் சகளம், நிட்களம் என்ற அதே வடமொழிச் சொற்கள்தான். ஆனால் நாம் அவற்றை இறைவனின் நிலைகளுக்கு வைத்துக்கொண்டோம். அவர்களோ தினமும் புழங்கும் வாசல்வரை கொண்டுவந்துவிட்டார்கள். தெய்வத்துக்கு மேடையில் பூத்தட்டு. பூதங்களுக்குத் தரையில் சோறு, இஞ்சி, வெங்காயம், உப்பு. பூதங்களை அவர்கள் விரட்டுவதில்லை, பசியாற்றி அனுப்புகிறார்கள். எனக்கு இது மிகவும் பிடிக்கும்.

2002 அக்டோபர் 12 அன்று பாலியின் குட்டா என்ற ஊரில் குண்டுகள் வெடித்து 202 பேர் இறந்தார்கள். போலீஸ் விசாரணை ஒரு பக்கம் நடந்தது. நவம்பர் 15 அன்று அங்கே பெரிய பரிகாரப் பூசையும் செய்தார்கள். காயம் இரண்டு உலகத்துக்கும் பட்டிருக்கிறது, ஒன்றுக்கு மட்டும் மருந்து போட்டால் எப்படி ஆறும் என்பது அவர்கள் கணக்கு.

கலைஞனின் வேலையும் இப்படித்தான். ரங்டா என்ற சூனியக்கார அரசியின் முகமூடிக்கு பூலே மரம் வேண்டும். நம் ஏழிலைப்பாலைதான் அது. நல்ல நாள் பார்த்து, மரத்திடம் அனுமதி கேட்டு வெட்டுகிறார்கள். செதுக்கி வண்ணம் பூசியதோடு வேலை முடிவதில்லை. சடங்கு செய்து சக்தியேற்றிய பிறகுதான் அது கோயிலுக்குள் போகும். அப்புறம் அதைச் சும்மா எடுத்து மாட்டிப் பார்க்க யாரும் துணிய மாட்டார்கள்.

அதனால் அந்தக் கலைஞருக்காக வருந்தாதீர்கள். இரவில் திரை கட்டி, எண்ணெய் விளக்கேற்றி மனிதர்களுக்காக ஆடும் கூத்தும் அங்கே உண்டு. அடுத்த முறை போனால் அதையும் பாருங்கள். பகல் கூத்தைப் பார்க்க நேர்ந்தால், ஓர் ஓரமாக உட்காருங்கள். நடுவில் வேண்டாம், அது வேறு யாருக்கோ விட்ட இடம்.