சமூக மாற்றத்தையும் நாகரிகங்களின் உறவையும் அறிய எந்த வரலாற்று நூல்களை வாசிக்கலாம்?

அமெரிக்க அரசியல் அறிஞர் ஹண்டிங்டனின் நாகரிக மோதல் நூலை வாசித்து முடித்த ஒருவர், சமூகங்கள் எப்படி மாறுகின்றன, நாகரிகங்கள் ஒன்றோடொன்று எப்படி உறவு கொள்கின்றன என்பதை இன்னும் ஆழமாக அறிய எந்த வரலாற்று நூல்களை நாடலாம் என்று கேட்டிருக்கிறார். நான் வரலாற்றுத் துறையைச் சேர்ந்தவன் அல்லன். கூட்டுறவுச் சங்கங்களின் கணக்குகளைத் தணிக்கை செய்வது என் தொழில். ஆயினும் பல ஆண்டுகளாக நான் விரும்பி வாசித்துவருபவை இத்தகைய நூல்களே. என் தொழிலின் பழக்கமோ என்னவோ, பேரேடுகளிலிருந்தும் கடிதங்களிலிருந்தும் கல்வெட்டுகளிலிருந்தும் எழுந்த வரலாற்று நூல்கள்தாம் என்னை முழுமையாக நம்பச் செய்தன.

கேள்வியில் இரண்டு பொருள்கள் தனித்தனியாகக் கேட்கப்பட்டிருக்கின்றன. என் பதிலோ அவ்விரண்டும் ஒன்றே என்பதுதான். ஒரு சமூகத்துக்குள் நிலம் கைமாறுவதையும், கூலி குறைவதையும், குடும்பம் உருமாறுவதையும் விளக்காமல் இரு நாகரிகங்களின் உறவைப் பேச முற்படும் நூல், பெயர்ப்பலகைகளுக்கு இடையிலான உறவைத்தான் பேசுகிறது. அவ்வாறே, கடலுக்கு அப்பாலிருந்து வந்த சரக்கையும் ஆணையையும் கணக்கில் கொள்ளாமல் ஓர் ஊரின் மாற்றத்தை விளக்கும் நூலும் பாதியிலேயே நின்றுவிடுகிறது.

ஹண்டிங்டன் 1993இல் ஒரு கட்டுரையாக முன்வைத்து 1996இல் நூலாக விரித்த கருத்து, பனிப்போருக்குப் பிந்தைய உலகின் பெரும் பகைகள் நாகரிகங்களின் எல்லைகளில்தான் மூளும் என்பது. அதற்கு முன்பே ஜெர்மானியச் சிந்தனையாளர் ஸ்பெங்க்லரும், 1934 முதல் 1961 வரை பன்னிரண்டு தொகுதிகளாகத் தம் ஆய்வை வெளியிட்ட பிரிட்டிஷ் வரலாற்றாசிரியர் டாயின்பியும் நாகரிகத்தையே வரலாற்றின் அடிப்படை அலகாகக் கொண்டனர். டாயின்பியின் படிப்பு மலைக்கவைப்பது. அவரை ஒருமுறையேனும் புரட்டிப் பார்க்க வேண்டும் என்றே சொல்வேன். ஆனால் இவர்கள் எழுத்தில் நாகரிகம் என்பது பிறந்து, வளர்ந்து, சவாலை எதிர்கொண்டு, சோர்ந்து மடியும் ஓர் ஆளாக மாறிவிடுகிறது. அந்த ஆளுக்குள் உழுதவர் யார், நெய்தவர் யார், கப்பலில் ஏறியவர் யார், அடிமையாக விற்கப்பட்டவர் யார் என்ற கேள்விகளுக்கு இடமே இல்லாமல் போகிறது.

இந்தக் குறையை முற்றிலும் நீக்கிய நூலாக நான் கருதுவது, எஸ். டி. கொய்ட்டீன் எழுதிய 'எ மெடிட்டரேனியன் சொசைட்டி'. பழைய கெய்ரோவான ஃபுஸ்தாத்தில் பென் எஸ்ரா என்னும் யூதத் தொழுகைக்கூடம் இருக்கிறது. இறைவனின் பெயர் எழுதப்பட்ட தாளை அழிக்கக் கூடாது என்ற மரபால், அங்கிருந்த ஓர் அறைக்குள் பல நூற்றாண்டுகளாகப் பழைய தாள்களைப் போட்டுவந்தார்கள். சமய நூல்களோடு வணிகக் கடிதம், கடன் பத்திரம், சீதனப் பட்டியல், மணமுறிவு ஆவணம், சரக்குக் கணக்கு என எல்லாமே அதற்குள் சென்று சேர்ந்தன. இன்று பல நாட்டு நூலகங்களில் சிதறிக் கிடக்கும் அத்துண்டுகள் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டவை. கொய்ட்டீன் அவற்றுள் அன்றாட வாழ்வைச் சொல்லும் ஆவணங்களை எடுத்துக்கொண்டு, 1967 முதல் 1988 வரை ஐந்து தொகுதிகளாக ஒரு சமூகத்தையே எழுப்பிக் காட்டினார். ஐந்தாம் தொகுதி வெளிவந்தபோது அவர் உயிரோடு இல்லை, 1985இல் மறைந்துவிட்டார்.

அந்தத் தொகுதிகளில் பத்தாம் நூற்றாண்டு முதல் பதின்மூன்றாம் நூற்றாண்டு வரையிலான யூதர்கள் அரபு மொழியை எபிரேய எழுத்தில் எழுதுகிறார்கள். முஸ்லிம் வணிகருடன் கூட்டுச் சேர்ந்து முதல் போடுகிறார்கள். தங்கள் சமூக மன்றம் இருக்கும்போதே முஸ்லிம் நீதிபதியிடமும் வழக்கைக் கொண்டுசெல்கிறார்கள். கடற்கொள்ளையரிடம் சிக்கியவரை மீட்க ஆளொன்றுக்கு 33⅓ தினார் என்ற ஏறக்குறைய நிலையான விலை இருந்தது என்பதையும், அதைத் திரட்டச் சிறு சமூகங்கள் பட்ட பாட்டையும் அந்த ஆவணங்களிலேயே காண்கிறோம். சமய வேற்றுமையும் அடக்குமுறையும் அங்கே இல்லாமல் இல்லை. முஸ்லிம் அல்லாதார் கட்ட வேண்டியிருந்த தலைவரியைக் கட்ட இயலாத ஏழை யூதர் வரித்தண்டலருக்கு அஞ்சி மறைந்து வாழ்ந்ததையும் கொய்ட்டீன் மறைக்கவில்லை. உறவும் ஒடுக்குமுறையும் ஒரே தெருவில் இருந்ததை அவர் ஆவணத்தைக் கொண்டே நிறுவுகிறார்.

இந்தத் தாள்களில் நம் கடற்கரையும் இருக்கிறது. இன்றைய துனிசியாவின் மஹ்தியாவைச் சேர்ந்த ஆபிரகாம் பென் யிஜு என்ற வணிகர், பன்னிரண்டாம் நூற்றாண்டில் மங்களூரில் பல ஆண்டுகள் தங்கி வாணிபம் செய்தார். 1132இல் அஷு என்ற அடிமைப் பெண்ணை அவர் விடுதலை செய்த ஆவணம் கிடைத்திருக்கிறது. ஏமன் கரைத் துறைமுகமான ஏடனிலிருந்து பழைய செம்புப் பாத்திரங்கள் அவரது பட்டறைக்கு வரும். அவற்றை உருக்கி வார்த்த புதிய கலன்கள் ஏடனுக்குத் திரும்பும். மிளகும் இரும்பும் பாக்கும் மேற்கே செல்லும். மலபார்க் கரையில் தாள் கிடைக்காததால் ஏடன் நண்பர்கள் அவருக்குத் தாளும் அனுப்பிவைத்தார்கள். 1149இல் அவர் தம் பிள்ளைகளோடு ஏடன் திரும்பினார். அவரிடம் பணியாற்றிய பொம்மா என்ற அடிமையின் தடத்தைத் தேடிச்சென்று அமிதாவ் கோஷ் 1992இல் எழுதிய 'இன் அன் ஆன்டிக் லேண்ட்' வரலாறும் பயணமும் கலந்த நூல். கொய்ட்டீனின் ஐந்து தொகுதிகளைப் பார்த்து மலைப்பவர் இதிலிருந்து தொடங்கலாம்.

பென் யிஜுவின் வாழ்வை ஹண்டிங்டனின் சட்டகத்துக்குள் வைத்துப் பார்த்தால் அதன் பலவீனம் விளங்கும். அரபு பேசி, எபிரேய எழுத்தில் எழுதி, முஸ்லிம் ஆட்சியிலிருந்த துறைமுகத்தோடு வணிகம் செய்து, துளுநாட்டில் குடும்பம் நடத்திய அம்மனிதரை எந்த நாகரிகத்தின் கணக்கில் பதிவு செய்வது? அவரைப் போன்றோர் விதிவிலக்குகள் என்று சிலர் சொல்லக்கூடும். துறைமுகங்கள் அனைத்தும் இத்தகைய விதிவிலக்குகளால்தான் இயங்கின என்பதே கொய்ட்டீனின் ஆவணங்கள் தரும் விடை.

சமூக மாற்றம் என்றவுடன் பலரும் பரிந்துரைப்பது, இ. பி. தாம்ப்சன் 1963இல் வெளியிட்ட, ஆங்கிலேயத் தொழிலாளி வர்க்கத்தின் உருவாக்கம் குறித்த நூலை. நானும் பரிந்துரைக்கிறேன், ஆனால் தனியாக அன்று. 1780 முதல் 1832 வரையிலான காலத்தில் கைத்தறி நெசவாளரும் கம்பளி கத்தரிப்போரும் காலணி தைப்போரும், தம் வாழ்வு குலைந்துகொண்டிருந்த வேளையிலேயே, தம்மை ஒரு வர்க்கமாக உணர்ந்த வரலாறு அது. 1811இல் எந்திரங்களை உடைக்கத் தொடங்கிய லுட்டியர்களை மூடர் கூட்டம் என்று ஒதுக்காமல், அவர்கள் எதைக் காக்க முயன்றார்கள் என்று பொறுமையாகக் கேட்டவர் தாம்ப்சன். இவ்வளவு பரிவோடு எழுதப்பட்ட சமூக வரலாறுகள் மிகச் சிலவே. ஆனாலும் இங்கிலாந்தின் லங்காஷயர் தறிகளுக்குப் பருத்தி எங்கிருந்து வந்தது, அந்தத் துணி யாருடைய சந்தையைப் பிடித்தது என்ற கேள்விகள் அந்நூலின் எல்லைக்கு வெளியிலேயே நின்றுவிடுகின்றன.

எனவே அதனோடு சேர்த்து, பிரசன்னன் பார்த்தசாரதி 2001இல் வெளியிட்ட 'தி ட்ரான்சிஷன் டு எ கலோனியல் எகானமி' நூலையும் வாசியுங்கள். 1720 முதல் 1800 வரையிலான தென்னிந்திய நெசவாளர், வணிகர், அரசர் ஆகியோரைப் பற்றியது அது. தென்னிந்திய நெசவாளர் மிகக் குறைந்த கூலிக்கு உழைத்ததால்தான் நம் துணி மலிவாக இருந்தது என்பது நெடுங்காலமாகச் சொல்லப்பட்டுவந்த விளக்கம். இந்நூல் அதை மறுக்கிறது. பணமாகப் பார்த்தால் கூலி குறைவே. ஆனால் தானியம் மலிவாக இருந்ததால், அந்தக் கூலியால் வாங்க முடிந்த உணவை அளவிட்டால் இவர்களின் நிலை பிரிட்டன் நெசவாளரின் நிலைக்குக் குறைந்ததன்று என்கிறார் ஆசிரியர். மேலும், முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஒப்பந்தத்திலிருந்து விலகும் உரிமை நெசவாளருக்கு இருந்தது. கொடுமை மிகுந்தால் தறியோடு வேறு ஊருக்குக் குடிபெயர்ந்துவிட முடிந்தது. தம் ஆட்சிப் பகுதிக்கு வந்து குடியேறும்படி அவர்களை வேண்டும் நிலையில் ஆள்வோரும் இருந்தார்கள். கிழக்கிந்தியக் கம்பெனி வெறும் வாங்குபவராக இருந்தவரை இந்த வழக்கங்களை மீற இயலவில்லை. அது ஆட்சியாளராக மாறிய பின், அரசின் கையைக் கொண்டு நெசவாளரைக் கட்டிப்போட்டது. இடம்பெயரும் உரிமையும் விலகும் உரிமையும் பறிபோயின.

இதை வாசித்தபோது எனக்கு உண்டான சினம் இன்னும் ஆறவில்லை. கூலியைப் பணத்தில் மட்டும் பார்த்து, விலைவாசியைப் பார்க்காமல், ஒரு மக்கள் கூட்டத்தையே என்றும் ஏழைகள் என்று எழுதிவைத்திருந்தார்கள். எந்தத் தணிக்கையிலும் ஏற்க முடியாத முறை அது. தாம்ப்சனின் நெசவாளரும் பார்த்தசாரதியின் நெசவாளரும் கடலின் இரு கரைகளில் ஏறக்குறைய ஒரே தலைமுறைகளில் தம் பேரம் பேசும் வலிமையை இழந்தார்கள். இரு நூல்களையும் அடுத்தடுத்து வாசிப்பவருக்கு, சமூக மாற்றமும் நாகரிக உறவும் ஒரே பொருள் என்று நான் சொன்னதன் காரணம் விளங்கும்.

கீழை நாட்டுக் கிராமம் மாறாதது, அரசுகள் வந்துபோனாலும் அது அப்படியே இருந்தது என்ற கருத்து ஐரோப்பியச் சிந்தனையில் வேரூன்றியிருந்தது. மார்க்சும் அதிலிருந்து முழுமையாக விடுபடவில்லை. அதைச் சோழர் கல்வெட்டுகளைக் கொண்டே சோதித்தவர் ஜப்பானிய அறிஞர் நொபொரு கராஷிமா. திருச்சிராப்பள்ளிக்கு அருகிலுள்ள அல்லூரையும், பிரமதேயமான, அதாவது பிராமணருக்குக் கொடையாக அளிக்கப்பட்ட ஊரான, ஈசானமங்கலத்தையும் ஒப்பிட்டு, முன்னதில் ஊரார் நிலத்தைப் பொதுவாக வைத்திருந்ததையும் பின்னதில் தனியார் உடைமை நிலவியதையும் காட்டினார். பிற்காலச் சோழர் காலத்தில் காவிரியின் கீழ்ப்பகுதியில் தனியார் நிலவுடைமை வளர்ந்ததையும் நில விற்பனைக் கல்வெட்டுகள் வழியே விளக்கினார். எ. சுப்பராயலுவுடன் இணைந்து கல்வெட்டுகளிலுள்ள ஆட்பெயர்களை எண்ணித் தொகுத்த அவரது உழைப்பு தனிச்சிறப்புடையது. 1984இல் வெளிவந்த அவரது கட்டுரைத் தொகுப்பு நடையில் வறண்டது, அட்டவணைகள் நிரம்பியது. பொறுமையோடு வாசித்தால், மாறவே மாறாததாகச் சொல்லப்பட்ட கிராமம் நூற்றாண்டுக்கு நூற்றாண்டு மாறிவந்ததைக் காணலாம்.

நாகரிக உறவு குறித்து எந்த நூலை வாசித்தாலும் அதன் கருத்தை உரைத்துப் பார்க்க நான் பயன்படுத்தும் சான்று ஒன்று உண்டு. இலங்கையின் காலியில் 1911இல், ஒரு மதகை மூடப் பயன்பட்டிருந்த கல்லாகக் கண்டெடுக்கப்பட்டு, இப்போது கொழும்பு அருங்காட்சியகத்தில் இருக்கும் மும்மொழிக் கல்வெட்டு அது. 1409 என்று தேதியிடப்பட்ட அக்கல்லைச் சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹே கொண்டுவந்து நிறுவினார். சீன வாசகம் புத்தரைப் போற்றுகிறது. தமிழ் வாசகம் விஷ்ணுவின் வடிவமாகக் கருதப்பட்ட தேனாவரை நாயனாரைப் போற்றுகிறது. சிதைந்துள்ள பாரசீக வாசகம் இஸ்லாமிய மரபைச் சார்ந்தது. மூன்றிலும் பொன், வெள்ளி, பட்டு என ஒத்த காணிக்கைகள். சீனப் பேரரசரின் பெயரால் நடந்த ஒரு செயலுக்குத் தமிழும் பாரசீகமும் தேவைப்பட்டன என்றால், அக்கடலில் யார் யார் வணிகம் செய்தார்கள் என்பது சொல்லாமலே விளங்குகிறது. சீனத்தின் சுவான்சோவிலேயே 1281ஆம் ஆண்டின் சிவன் கோயில் தமிழ்க் கல்வெட்டு இருக்கிறது அல்லவா? ஆனால் அதே செங் ஹே அதே பயணத்தில் இலங்கையின் அழகக்கோனார் குடும்பத்து ஆட்சியாளரைப் போரில் சிறைப்பிடித்துச் சீனத்துக்குக் கொண்டுசென்றார். மோதல் மட்டுமே என்னும் நூலும், நல்லிணக்கம் மட்டுமே என்னும் நூலும் இந்தக் கல்லின் முன் தோற்றுப்போகின்றன.

அரபு வரலாற்றாசிரியர் இப்ன் கல்தூனைச் சொல்லாமல் இந்தப் பதிலை முடிக்க முடியாது. 1332இல் துனிஸில் பிறந்து, கொள்ளைநோயில் பெற்றோரை இழந்து, பல அரசவைகளில் பணியாற்றி, சிறையும் கண்ட பின், 1377இல் இன்றைய அல்ஜீரியாவின் ஒரு கோட்டையில் ஒதுங்கியிருந்து அவர் எழுதியது 'முகத்திமா'. இனக்குழுவின் ஒற்றுமையுணர்வால் ஓர் அரசு எழுகிறது. நகர வாழ்வின் சொகுசு அதைத் தளர்த்துகிறது. மூன்று தலைமுறைகளில் அது தேய்கிறது என்பது அவர் கண்ட விதி. தொடக்கத்தில் குறைந்த வரி விகிதம் மிகுந்த வருவாயைத் தருகிறது, முடிவில் மிகுந்த வரி விகிதம் குறைந்த வருவாயையே தருகிறது என்ற அவரது கவனிப்பு, கணக்கு வழக்கில் பழகிய எனக்குப் பெரும் வியப்பைத் தந்தது. அவரது மூன்று தலைமுறை விதியை எல்லா நாடுகளுக்கும் பொருத்த முடியாது; வடமேற்கு ஆப்பிரிக்காவான மக்ரிபின் மலைகளையும் நகரங்களையும் பார்த்து எழுதியது அது. ஆயினும் நூற்றாண்டுகளுக்கு முன்பே, வரலாற்றாசிரியன் ஒரு செய்தியை நம்புவதற்கு முன் அது சமூக இயல்புக்கு ஒத்துவருமா என்று சோதிக்க வேண்டும் என்றவர் அவர்.

போர்க் கைதியாக ஜெர்மானிய முகாமில் இருந்தபடி பிரெஞ்சு வரலாற்றாசிரியர் பிரோதெல் பெரும்பகுதியை எழுதி 1949இல் வெளியிட்ட மத்தியதரைக் கடல் நூல், நிலமும் கடலும் பருவமும் மனிதரை எப்படி நெடுங்காலம் வடிவமைக்கின்றன என்பதை அறிய இன்றியமையாதது. அதில் தனிமனிதர் மிகச் சிறியவராகிவிடுகிறார் என்பது என் மனக்குறை. அமெரிக்க வரலாற்றாசிரியர் பொமரான்ஸ் 2000இல் எழுதிய 'தி கிரேட் டைவர்ஜென்ஸ்', இங்கிலாந்தையும் சீனத்தின் யாங்சி ஆற்றுக் கழிமுகப் பகுதியையும் ஒப்பிட்டு, நிலக்கரியும் அமெரிக்கக் குடியேற்றங்களும் தந்த வாய்ப்பை முன்வைக்கிறது. பார்த்தசாரதிக்குப் பின் வாசித்தால் எளிதில் பிடிபடும்.

கேட்டவருக்கு என் பரிந்துரை இந்த வரிசைதான்: முதலில் அமிதாவ் கோஷ், பின் பார்த்தசாரதியும் தாம்ப்சனும் அடுத்தடுத்து, அதன்பின் கொய்ட்டீனின் ஐந்து தொகுதிகளில் பொருளாதாரத்தைப் பற்றிய முதல் தொகுதியும் குடும்பத்தைப் பற்றிய மூன்றாம் தொகுதியும். இப்ன் கல்தூனுக்கு ரோசன்தால் 1958இல் செய்த மூன்று தொகுதி ஆங்கில மொழிபெயர்ப்பின் சுருக்கப் பதிப்பு ஒன்று உண்டு. முதல் வாசிப்புக்கு அது போதும். கராஷிமாவை, அல்லூர்–ஈசானமங்கலம் கட்டுரையிலிருந்து தொடங்குங்கள்.