பனி அடைத்த பண்ணையில் துணையில்லாத பகல்கள்

கேள்வி: நானும் கணவரும் ஊரைவிட்டு வெகுதூரம் தள்ளியிருக்கும் பண்ணையில் வாழ்கிறோம். பனிக்காலத்தில் பாதை அடைபட்டுவிடும். விடியுமுன் தொழுவத்துக்குப் போகிறவர் இருட்டிய பிறகுதான் வருவார், சாப்பிட்டதும் தூங்கிவிடுவார். உதவிக்கு வரும் பக்கத்துப் பண்ணைக்காரர் உட்கார்ந்து பேசுகிறார். இப்போதெல்லாம் அவர் வரவை மனம் எதிர்பார்க்கிறது. நான் கெட்டவளா?

பதில்: இல்லை, சகோதரி. உங்கள் மனம் ஏங்குவது பேச்சுத்துணைக்கு. அது கிடைத்த இடத்தில் ஒட்டிக்கொள்கிறது. ஆனால் பனி உருகட்டும் என்று இதைத் தள்ளிப்போடாதீர்கள்.

குளிரில் விறைத்து உள்ளே வருகிறவரிடம் "உங்களுக்கு மாடுதான் முக்கியம்" என்றால், "யாருக்காக உழைக்கிறேன்?" என்றுதான் பதில் வரும். உழைப்பதே அன்பு என்று நம்புகிறவருக்கு அது பழியாகக் கேட்கும். அவர் சாப்பிட்டு, உடம்பு சூடேறிய பிறகு சொல்லுங்கள்: "பகலெல்லாம் பேச ஆளில்லாமல் தவிக்கிறேன். படுக்குமுன் இருபது நிமிடம் என்னோடு பேசுங்கள்." நேரத்தைக் குறிப்பிட்டுக் கேளுங்கள். "என்னைக் கவனிப்பதில்லை" என்று பொதுவாகச் சொன்னால் என்ன செய்வதென்று அவருக்குத் தெரியாது. பக்கத்துப் பண்ணைக்காரர் பேச்சை அன்றே எடுக்க வேண்டாம். எடுத்தால் உங்கள் தனிமை மறந்துபோய் அவரைப் பற்றிய சண்டையாகிவிடும். கணவரே கேட்டால் மறைக்காதீர்கள்.

நண்பகல் வேலைக்கு நீங்களும் தொழுவத்துக்குப் போங்கள். துணையும் கிடைக்கும், வெளிச்சமும் கிடைக்கும். வெளிச்சம் சின்ன விஷயமல்ல. பகல் குறுகும் மாதங்களில் வரும் பருவகால மனச்சோர்வை மனநல மருத்துவர் நார்மன் ரோசென்தால் குழுவினர் 1984இல் விவரித்தார்கள். வீட்டு விளக்கின் ஒளி பெரும்பாலும் சில நூறு லக்ஸ்தான் (லக்ஸ் என்பது வெளிச்சத்தை அளக்கும் அலகு). மேகமூட்டமான பகலிலும் வெளியே அதைவிடப் பல மடங்கு. வெளியே போக முடியாவிட்டால் 10,000 லக்ஸ் ஒளிப்பெட்டி உதவும்: எழுந்ததும் சுமார் 30 நிமிடம், அதை உற்றுப் பார்க்காமல் எதிரே உட்கார வேண்டும். மாலையில் பயன்படுத்தினால் தூக்கம் கெடும். கண் நோயோ இருதுருவ மனநோயோ (மனம் மிகையான உற்சாகத்துக்கும் ஆழ்ந்த சோர்வுக்கும் மாறிமாறிப் போகும் நோய்) இருந்தால் முதலில் மருத்துவரைக் கேளுங்கள். சோர்வு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தாலும் அவரிடம் போங்கள். சாக வேண்டும் என்ற எண்ணம் வந்தால் அன்றே.

பக்கத்துப் பண்ணைக்காரரிடம் மரியாதையாக இருங்கள். ஆனால் உங்கள் மணவாழ்க்கைக் குறைகளை அவரிடம் சொல்லாதீர்கள். நெருக்கம் அங்கேதான் வேர்விடுகிறது. கணவர் வெளியூர் போகும் நாளில் புயல் வந்தால் யார் துணைக்கு வருவது என்பதை இருவரும் இப்போதே பேசி, ஒரு பெண்ணையோ குடும்பத்தையோ ஏற்பாடு செய்யுங்கள்.