“அங்கே ஒண்ணுமே இல்லை, மிங்!”

பயணக் கேள்வி – பதில்

கே: ஜனவரியில் நானும் கணவரும் கம்போடியா போகிறோம். அங்கோர் வாட்டுக்கு 3 நாள் ஒதுக்கியாயிற்று. நாலாவது நாள் தனியாகக் கார் பிடித்து, கூட்டமில்லாத ஒரு பழைய கோயிலுக்குப் போக ஆசை. கோ கேர் நல்லது என்கிறார்கள். ஆனால் போய்வந்த உறவினர் ஒருவர், “சிலையெல்லாம் திருட்டுப் போயாச்சு, வெறும் கல்தான் இருக்கு” என்கிறார். போகலாமா?
– வாசகி, செஞ்சி

ப: போங்கள். உறவினர் சொன்னது உண்மைதான். அதனால்தான் போகச் சொல்கிறேன்.

நான் இரண்டு தடவை போயிருக்கிறேன். முதல் தடவை, அங்கோருக்குப் பக்கத்து ஊரான சியெம் ரீப்பில் ஒரு டூர் கடையில் ‘பிரைவேட்’ என்று பணம் கட்டினேன். காரில் நான் ஒருத்திதான், அந்த மட்டில் பிரைவேட்தான். ஆனால் கிளம்பும்போதே மணி எட்டு. வழியில் ஒரு பட்டுக் கடை, அப்புறம் ஒரு மரச் சிற்பக் கடை. நான் எதுவும் வாங்கமாட்டேன் என்று அவர்களுக்குப் புரிய அரை மணி, அவர்கள் விடமாட்டார்கள் என்று எனக்குப் புரிய அரை மணி. கோ கேரில் இறங்கியபோது உச்சி வெயில். வழிகாட்டி பிரமிடைக் காட்டினார், இரண்டு லிங்கத்தைக் காட்டினார், வண்டியைத் திருப்பச் சொல்லிவிட்டார். “பிரசாத் சென் கோயில் எங்கே?” என்று கேட்டேன். “அங்கே ஒண்ணுமே இல்லை, மிங்” என்றார். மிங் என்றால் கெமர் மொழியில் சித்தி, அத்தை மாதிரி. இத்தனை பிரியமாகச் சொல்பவரிடம் என்ன சண்டை போடுவது?

அந்த ‘ஒண்ணுமே இல்லை’யைப் பார்க்கத்தான் மறு வருஷம் திரும்பப் போனேன்.

ஊரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். நான்காம் ஜெயவர்மன் அங்கோரை விட்டுத் தள்ளி, இந்தக் காட்டில் தலைநகர் அமைத்தான். 928 முதல் 944 வரை, அவனும் அவன் மகனும் ஆண்டதோடு சரி, தலைநகர் மறுபடி அங்கோருக்கே போய்விட்டது. நம் பக்கத்தில் முதலாம் பராந்தக சோழன் ஆண்டுகொண்டிருந்த காலம் அது. அந்தக் கொஞ்ச வருஷத்துக்குள் 7 அடுக்குப் பிரமிடு ஒன்று, பெரிய ஏரி ஒன்று, சுற்றிலும் டஜன் கணக்கில் கோயில்கள். பிரமிடின் உயரம் சுமார் 36 மீட்டர். உச்சியில் ஒரு மாபெரும் லிங்கம் இருந்ததாகக் கல்வெட்டுச் சொல்கிறது. இன்று அங்கே குழிதான். தஞ்சைப் பெரிய கோயில் எழும்ப இன்னும் 70 வருஷத்துக்கு மேல் இருந்தது என்பதை நினைத்துக்கொண்டு அண்ணாந்து பாருங்கள். 2023இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். அதனால் ‘கூட்டமில்லாத’ என்பது இன்னும் எத்தனை நாளைக்கோ!

இப்போது பிரசாத் சென். பிரமிடுக்குப் போகிற வழியிலேயே இருக்கிறது, சின்னக் கோயில். உங்கள் ஊர்ப் பக்கம் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில் பதினெட்டாம் போர் அன்று மண்ணில் படுக்க வைக்கிறார்களே துரியோதனனை, அந்தப் படுகளம் பார்த்து வளர்ந்தவர்தானே நீங்கள்? அதே கதைதான் இங்கே, கல்லில், ஆயிரம் வருஷத்துக்கு முன்னால். மேற்குக் கோபுர வாசலுக்குள் பீமனும் துரியோதனனும் கதாயுதத்தோடு எதிரெதிரே, பாயப் போகிற நிலையில். சுற்றிலும் பலராமனும் மற்றவர்களுமாகப் பார்த்துக்கொண்டு. புடைப்புச் சிற்பம் இல்லை, தனித்தனியாக நிற்கும் முழுச் சிலைகள். வாசலுக்குள் நுழைகிறவன் நேரே சண்டைக்கு நடுவில் போய் நிற்பான்.

1970களின் உள்நாட்டுப் போர்க் காலத்தில் திருடர்கள் இந்தச் சிலைகளைக் கணுக்காலோடு உடைத்து எடுத்துப் போனார்கள். பாதமும் பீடமும் மண்ணிலேயே தங்கிவிட்டன. 2011இல் நியூயார்க்கில் துரியோதனன் ஏலத்துக்கு வந்தான். மதிப்பு 20 முதல் 30 லட்சம் டாலர். அந்தச் சிலைக்குப் பாதம் இல்லை. கோ கேரில் ஆய்வாளர்கள் கண்டெடுத்த பீடத்திலோ பாதம் மட்டும் இருக்கிறது. அப்புறம் என்ன சொல்ல இருக்கிறது? வழக்கு நடந்தது, 2014இல் துரியோதனன் ஊர் திரும்பினான். கலிபோர்னியா அருங்காட்சியகத்திலிருந்து பீமன், இன்னோர் ஏல நிறுவனத்திடமிருந்து பலராமன், மூன்று பேரும் அதே வருஷம். அதற்கு முந்தின வருஷமே நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகம், மண்டியிட்டு உட்கார்ந்த இரண்டு சிலைகளைத் திருப்பிக் கொடுத்திருந்தது. எல்லாம் தலைநகர் நோம் பென்னின் தேசிய அருங்காட்சியகத்துக்குப் போயின. உங்களுக்கு நோம் பென்னும் திட்டத்தில் இருந்தால் முதலில் இந்த வெற்று வாசலைப் பாருங்கள், பிறகு அங்கே போங்கள். நான் மாற்றிச் செய்தேன், அதில் எனக்கு இன்னும் வருத்தம்.

இரண்டாம் தடவை ஓட்டுநர் ஒருவரை நேராகப் பேசிவைத்துக்கொண்டு காலை ஐந்தரைக்குக் கிளம்பினேன். சியெம் ரீப்பிலிருந்து 120 கிலோமீட்டர், இரண்டரை மணி நேரம். கோயில் வாசல் என்றதும் பழக்க தோஷத்தில் செருப்பைக் கழற்றினேன். ஓட்டுநர் பதறிப்போய்த் தரையைக் காட்டினார். சருகுக்கு நடுவில் செவ்வெறும்பு, சாரை சாரையாக. போட்டுக்கொண்டேன்.

மேற்கு வாசலில் சரிந்து கிடக்கும் கல், சருகு, கொஞ்சம் வெயில். அவ்வளவுதான். ராமாயணம் கெமர்க்காரர்களுக்கு உயிர், ரியாம்கேர் என்பார்கள். பாரதம் அந்த ஓட்டுநருக்குத் தெரியவில்லை. இரண்டு குச்சியை மண்ணில் ஊன்றி, இது பீமன், இது துரியோதனன் என்று என் ஓட்டை ஆங்கிலத்தில் கதையைச் சொன்னேன். “யார் ஜெயித்தது?” என்று கேட்டார். “பீமன். ஆனால் தொடையில் அடித்து.” சற்று யோசித்தார். “அது தப்பு” என்றார். அந்தச் சிலைக் கூட்டத்தில் பலராமன் வந்து நின்றதும் இதைச் சொல்லத்தானே!

கார் பேசும்போது பிரசாத் சென் பெயரை வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள். வழியில் கடை எதிலும் நிறுத்தக் கூடாது என்பதையும். நான் காருக்கு மட்டும் 90 டாலர் கொடுத்தேன், வழிகாட்டி இல்லாமல்.

கே: கோ கேர், பெங் மெலியா, பிரா விகார் மூன்றையும் ஒரே நாளில் காட்டுவதாக விளம்பரம் பார்த்தேன். முடியுமா? அங்கோர் சீட்டே எல்லாவற்றுக்கும் போதுமா?
– வாசகர், கோவை

ப: கார் போய்விடும். நீங்கள் பார்க்கமாட்டீர்கள்.

பெங் மெலியாவைத் திரும்பும் வழியில் வைத்துக்கொள்ளுங்கள், அது நியாயம். அங்கோர் வாட் காலத்துக் கோயில், 12ஆம் நூற்றாண்டு; தூக்கி நிறுத்தாமல் விழுந்தது விழுந்தபடி விட்டிருக்கிறார்கள். மரப் பாலம் போட்டிருப்பதால் இடிபாட்டின் மேலேயே நடக்கலாம். பிற்பகல் மூன்றரைக்கு மேல் வெயில் சாய்ந்து, பாசி பிடித்த கல் எல்லாம் பச்சையாக மாறும். அந்த நேரத்துக்கு அங்கே இருந்தால் போதும். எல்லாரும் காலையில் பெங் மெலியா, மத்தியானம் கோ கேர் என்று போவார்கள். கோ கேர் பிரமிடைச் சுற்றி வெட்டவெளி; மத்தியானம் அங்கே நிற்க முடியாது. வரிசையை மாற்றிப் போட்டால் வெயிலும் குறையும், கூட்டமும் குறையும்.

சீட்டு விஷயம்: 2020 முதல் பெங் மெலியா அங்கோர் சீட்டிலேயே அடக்கம். 1 நாள் சீட்டு 37 டாலர், 3 நாள் 62 டாலர். 3 நாள் சீட்டைப் பத்து நாளுக்குள் எந்த மூன்று நாளும் பயன்படுத்தலாம், தொடர்ச்சியாக இருக்க வேண்டாம். பெங் மெலியா போனால் அதில் ஒரு நாள் கழியும், அதைக் கணக்கில் வையுங்கள். கோ கேருக்கு இந்தச் சீட்டு செல்லாது, அங்கே தனியாக வாங்க வேண்டும். டாலர் நோட்டில் ஓரம் கிழிந்திருந்தாலும் வாங்கமாட்டார்கள். சில்லறையாக ரியல் திரும்பி வரும். 4,000 ரியல் ஒரு டாலர் என்று மனக்கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

பிரா விகார் வேண்டாம். காரணம் அடுத்த பதிலில்.

கே: கண்ணிவெடி இருக்கும் என்று வீட்டில் பயப்படுகிறார்கள். எல்லைச் சண்டை வேறு. போவது சரியா?
– வாசகர், மதுரை

ப: இரண்டும் வேறு வேறு பயம்.

பிரா விகார் கோயில் தாய்லாந்து எல்லை மலை விளிம்பில் நிற்கிறது. 1962இல் சர்வதேச நீதிமன்றம் அது கம்போடியாவுக்குத்தான் என்று தீர்ப்புச் சொன்ன பிறகும் தகராறு ஓயவில்லை. 2025 ஜூலையில் எல்லையில் சண்டையே மூண்டது. அழகான இடம்தான், நிலைமை தெளியட்டும், கோயில் எங்கேயும் போய்விடாது. வடமேற்கில் இருக்கும் பந்தியாய் ச்மாரும் எல்லைக்குப் பக்கம், அதற்கும் இதையே சொல்வேன். கோ கேர் இருக்கும் மாகாணத்துக்கும் பிரா விகார் என்றுதான் பெயர். அதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், இது எல்லையிலிருந்து நன்றாக உள்ளே தள்ளி இருக்கிறது. ஆனாலும் கிளம்புவதற்கு முந்தின வாரம் நோம் பென் இந்தியத் தூதரகத்தின் அறிவிப்பை ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

கண்ணிவெடி பழைய போரின் மிச்சம். கோ கேரிலும் பெங் மெலியாவிலும் கோயில்களைச் சுற்றி அகற்றி முடித்து, பலகையும் வைத்திருக்கிறார்கள். தேய்ந்த ஒற்றையடிப் பாதையை விட்டு நகரக் கூடாது, அதுதான் விதி. படம் எடுக்கிறேன் என்று பின்பக்கமாகவே நடக்கிறவர்களுக்கும், ‘ஒதுங்க’ புதர் தேடுகிறவர்களுக்கும் இது சேர்த்துத்தான். பிரமிடுக்கு எதிரே கழிப்பறை இருக்கிறது, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

கே: நாங்கள் சைவம். காட்டுக்குள் என்ன சாப்பிடுவது? அந்தச் சிவலிங்கங்களுக்குப் பூ, விபூதி சாத்தலாமா?
– வாசகி, மயிலாடுதுறை

ப: போகும் வழியில் சாலையோரம் மூங்கில் குழாய்களை நெருப்பில் வாட்டிக்கொண்டிருப்பார்கள். க்ரலான் என்று பெயர். பசையரிசி, காராமணி மாதிரி ஒரு பயறு, தேங்காய்ப் பால். மூங்கிலை வாழைப்பழம் போல உரித்துக் கொடுப்பார்கள். இரண்டு வாங்கினால் மத்தியானம் வரை தாங்கும். பக்கத்திலேயே பனை வெல்லம், பனை ஓலையில் சுருட்டி. நம் கருப்பட்டியை விட நிறம் வெளுப்பு, கடித்தால் மாவாக உதிரும். பனைதான் கம்போடியாவின் தேசிய மரம் என்பது தெரியுமோ? வயல் வரப்பில் வரிசையாக நிற்பதைப் பார்த்தால் வேறு தேசம் என்றே தோன்றாது. ஹோட்டலில் உட்கார்ந்தால்தான் சிக்கல். காய்கறி வறுவலிலும் மீன் சாறு ஊற்றிவிடுவார்கள். சாதமும் வாழைப்பழமும் என்று முடித்துக்கொள்வது நிம்மதி.

லிங்கம்: ஏரியை ஒட்டி, கூரை போன சின்னச் சின்னக் கருவறைகளுக்குள் ஆவுடையாரோடு அப்படியே நிற்கின்றன. இரண்டு கையாலும் கட்டிப்பிடிக்க முடியாத பருமன். நான் போனபோது யாரோ வைத்த ஊதுவத்திக் குச்சிகள் ஒரு டப்பா மண்ணில் செருகியிருந்தன. கும்பிடுங்கள், யாரும் ஒன்றும் சொல்லமாட்டார்கள். கல்லின் மேல் எதையும் பூசவோ ஊற்றவோ வேண்டாம். அபிஷேக நீர் வெளியேறும் கல் தூம்பு சுவருக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும், விட்டுவிடாமல் பாருங்கள்.

மயிலாடுதுறைக்காரர் என்பதால் ஒன்று. அங்கோர் போகும் நாளில் பந்தியாய் ஸ்ரேயும் போவீர்கள் அல்லவா? 967இல் குடமுழுக்கான கோயில். கிழக்குக் கோபுர வாசலின் மேலே சிவன் ஆடுகிறார். காலடியில், ஒரு ஓரமாக, எலும்பும் தோலுமாக உட்கார்ந்து பார்க்கிறவள் யார் என்று பாருங்கள். உங்கள் பக்கத்து ஊர்க்காரி, காரைக்கால் அம்மையார்.

கே: மாமியாருக்கு 68 வயது, முழங்கால் வலி. பிரமிடில் ஏற வேண்டி இருக்குமா?
– வாசகி, சேலம்

ப: ஏற வேண்டாம். பக்கவாட்டில் மரப்படி கட்டியிருக்கிறார்கள், செங்குத்து. நீங்கள் மட்டும் ஒன்பது மணிக்குள் ஏறிவிட்டு வாருங்கள். மேலே போனால் நாலு பக்கமும் காடுதான். அவரைச் செங்கல் கோபுரங்களை மர வேர் கவ்வியிருக்கும் பிரசாத் பிராமில் நடக்க வையுங்கள், சமதரை. அப்புறம் வாசலுக்கு எதிரே இருக்கும் சாப்பாட்டுக் கடைகளில் தூளி கட்டியிருப்பார்கள். ஓர் இளநீர் சொன்னால் போதும், எத்தனை நேரம் படுத்தாலும் எழுப்பமாட்டார்கள். இரண்டாம் தடவை நானும் பாதிப் படியில் திரும்பி வந்து அங்கேதான் படுத்திருந்தேன்.