'பஸ்' என்பது வெறும் உருபு

கேள்வி: இன்று யாருக்கும் தாய்மொழியாக இல்லாத லத்தீனிலிருந்து ஆங்கிலத்தில் எப்படிப் புதுப்புதுச் சொற்களைச் செய்கிறார்கள்? கிரேக்கத்தையும் லத்தீனையும் கலப்பது தப்பு என்று வகுப்பில் சொன்னார்கள். அது சரியா?
- கல்லூரி மாணவி, திருச்சி

பதில்: லத்தீன் தெரியாத ஆங்கிலேயருக்கும் அதன் துண்டுகள் பழக்கம்தான். ஊனுண்ணி கார்னிவோர், தாவர உண்ணி ஹெர்பிவோர் என்று பள்ளியில் படித்த பிள்ளைக்கு 'வோர்' என்றால் தின்பது என்று யாரும் தனியாகச் சொல்லித்தர வேண்டாம். 2005-இல் சான் பிரான்சிஸ்கோவில் ஜெசிகா ப்ரென்டிஸ் என்ற சமையல் கலைஞர், சுற்றுவட்டாரத்தில் விளைந்ததை மட்டும் சாப்பிடுகிறவர்களுக்கு ஒரு பெயர் தேடியபோது, இடத்தைக் குறிக்கும் 'லோகஸ்' என்ற லத்தீன் சொல்லை அந்த 'வோர்' முன்னால் ஒட்டி 'லோக்கவோர்' என்றார். இலக்கணப்படி 'லோகிவோர்' என்றுதான் வந்திருக்க வேண்டும், ஆனால் கேட்டவுடன் புரிந்தது, அதனால் நிலைத்தது, 2007-இல் ஆக்ஸ்ஃபோர்டின் அமெரிக்க அகராதி அதையே ஆண்டின் சொல்லாகத் தேர்ந்தெடுத்தது.

கலப்பு தப்பா என்றால், இல்லை என்பேன். டெலிவிஷனில் 'டெலி' கிரேக்கம், 'விஷன்' லத்தீன். இனப்படுகொலைக்கு 1944-இல் ராஃபேல் லெம்கின் தந்த 'ஜெனோசைட்' என்ற சொல்லும் அப்படிக் கலந்ததுதான், இன்று உலகச் சட்டமே அதை வைத்துப் பேசுகிறது. 'சயின்டிஸ்ட்' என்ற சொல்லை வில்லியம் ஹியூவெல் 1834-இல் அச்சில் ஏற்றினார், லத்தீன் 'சயின்டியா'வுக்குக் கிரேக்க வால். அறுபது வருடம் கழித்தும் ஹக்ஸ்லி போன்ற பெரிய விஞ்ஞானிக்கு அது பிடிக்கவில்லை. சொல் என்னவோ நிலைத்துவிட்டது.

எனக்கு ரொம்பப் பிடித்தது நாம் தினமும் ஏறும் பஸ். லத்தீனில் 'ஆம்னிபஸ்' என்றால் 'எல்லோருக்கும்'. பிரான்சில் எல்லோரும் ஏறலாம் என்ற வண்டிக்கு அந்தப் பெயர் வந்தது, 1829-இல் லண்டனிலும் ஓடத் தொடங்கியது, அப்புறம் நாக்கு அதைச் சுருக்கியது. சுருக்கியபோது 'எல்லோர்' என்ற பகுதி போய்விட்டது! மிஞ்சிய 'பஸ்' வெறும் வேற்றுமை உருபு, நம் நான்காம் வேற்றுமை 'கு' மாதிரி. 'எல்லோருக்கும்' என்பதில் முன்பாதியைத் தள்ளிவிட்டு "க்கும் வந்துவிட்டது, ஏறு" என்று நாம் சொன்னால் எப்படி இருக்குமோ அப்படி. அந்த உருபே இப்போது வேராகி மினிபஸ், ஏர்பஸ் என்று கிளை விடுகிறது.

நீங்களும் செய்து பார்க்க ஆசைப்பட்டால் ஒன்றைக் கவனியுங்கள். லத்தீன் அகராதி ஒரு வினைக்குப் பெரும்பாலும் நான்கு வடிவம் தரும். உடைப்பதற்கு 'ஃப்ராங்கெரே' என்றிருக்கும், ஆனால் ஃப்ராக்சன், ஃப்ராக்சர் எல்லாம் கடைசி வடிவமான 'ஃப்ராக்டும்' என்பதிலிருந்து வந்தவை. எழுதுவதற்கு 'ஸ்க்ரீபெரே', ஆனால் புதுச்சொல்லில் ஒட்டும் துண்டு 'ஸ்க்ரிப்ட்'. அந்த நான்காவது வடிவத்திலிருந்து ஆரம்பியுங்கள்.