வான் பாஸ்டனின் கணுக்கால்

அன்புள்ள சார்,

நெதர்லாந்துக் கால்பந்து வீரர் மார்கோ வான் பாஸ்டன் தன் கடைசி ஆட்டத்தை 28 வயதில் ஆடினார் என்று படித்தேன். இத்தாலியத் தடுப்பாட்டக்காரர்கள் உதைத்து உதைத்தே அவரை முடித்துவிட்டார்கள் என்கிறார் என் அண்ணன். 1988 யூரோ (ஐரோப்பிய நாடுகளுக்கான கோப்பை) இறுதிப்போட்டியில் அவர் அடித்த கோல்கூட குருட்டு அதிர்ஷ்டம்தானாம். இதெல்லாம் சரியா? அவர் ஆட்டத்தைப் புரிந்துகொள்ள முதலில் எதைப் பார்க்கலாம்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

இத்தாலியில் அவர் உதை வாங்கியது உண்மை. ஆனால் கணுக்கால் கெட்டது அங்கே அல்ல. 1986 டிசம்பரில், நெதர்லாந்தின் அயாக்ஸ் கிளப்புக்காக குரோனிங்கன் அணியை எதிர்த்து ஆடும்போது கெட்டது. அதுவும் எதிராளி போட்ட டேக்கிளில் இல்லை, வான் பாஸ்டன் தானே சறுக்கிப் பாய்ந்து போட்ட டேக்கிளில். முந்தைய பருவத்தில் 26 லீக் ஆட்டங்களில் 37 கோல் அடித்து ஐரோப்பிய லீக்குகளில் அதிகக் கோல் அடித்தவருக்கான தங்கக் காலணியை வாங்கியிருந்தவர், பந்தைப் பறிக்கப் போய் அடிபட்டார்.

அதைவிடக் கேடு அடுத்த சில மாதங்களில் நடந்தது. ஆடினால் காயம் மோசமாகாது என்று மருத்துவத் தரப்பில் சொன்னார்கள். பயிற்சியாளர் யோஹன் க்ரைஃப் அதை நம்பி ஓர் ஏற்பாடு செய்தார்: லீக் ஆட்டங்களில் சிலவற்றை விட்டுவிடலாம், ஐரோப்பிய அளவிலான கோப்பை ஆட்டங்களில் இறங்க வேண்டும். 1987 மே மாதம் ஏதென்ஸில், ஒவ்வொரு நாட்டின் கோப்பையையும் வென்ற கிளப்புகள் மோதும் ‘கோப்பை வென்றவர்கள் கோப்பை’யின் இறுதிப்போட்டி. லோகோமோட்டிவ் லைப்சிக்கை அயாக்ஸ் 1-0 என்று வென்றது. தலையால் முட்டிய அந்த ஒரே கோல் வான் பாஸ்டனுடையது. கோப்பை கிடைத்தது, கணுக்காலுக்கு ஓய்வு கிடைக்கவில்லை. என் கணக்கில், உதைத்த எந்தத் தடுப்பாட்டக்காரரையும்விட இந்த ஏற்பாடுதான் அவருக்கு அதிகம் கெடுதல் செய்தது.

காரணம் எளிது. கணுக்கால் மூட்டில் எலும்புகளின் முனையைப் போர்த்தியிருக்கும் குருத்தெலும்பு ஓரிரு மில்லிமீட்டர் தடிமன்தான். அதற்கு ரத்த ஓட்டம் கிடையாது, அதனால் தேய்ந்தால் பழையபடி வளராது. ஜவ்வு தளர்ந்த மூட்டில் எலும்பு ஒவ்வொரு திருப்பத்திலும் கொஞ்சம் இடம் பெயர்ந்து உரசும். திரும்பித் திரும்பியே பிழைக்கும் ஸ்ட்ரைக்கருக்கு ஓர் ஆட்டத்தில் இப்படி எத்தனை உரசல் என்று யோசித்துப் பாருங்கள். இதற்குமேல் வாங்கும் உதை ஏற்கெனவே விரிசல் விட்ட சுவரில் விழும் அடி. அந்த அளவுக்கு அண்ணன் சொல்வதும் பொய்யில்லை.

1987-88, இத்தாலியின் மிலான் கிளப்பில் முதல் பருவம். கணுக்கால் அறுவைச் சிகிச்சையால் அவர் ஆடியது 11 லீக் ஆட்டங்கள்தான். பிறகு வந்த ஆண்டுகளின் சாதனைகளை விரித்தால் பட்டியல் ஆகிவிடும்: ஆண்டின் சிறந்த ஆட்டக்காரருக்கான பாலோன் டோர் விருது மூன்று முறை, இன்றைய சாம்பியன்ஸ் லீக்கின் முன்னோடியான ஐரோப்பியக் கோப்பை இரண்டு முறை, இத்தாலிய லீக்கில் 147 ஆட்டங்களில் 90 கோல். அந்தக் காலத்து இத்தாலியத் தடுப்பாட்டத்தை எதிர்த்து 90 என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

1992 நவம்பரைத் தனியாகச் சொல்ல வேண்டும். நேப்பிள்ஸில் நாப்போலியை எதிர்த்து நான்கு கோல். அதே மாதம் 25-ஆம் தேதி கோத்தன்பர்க் அணியை எதிர்த்து மறுபடி நான்கு. சாம்பியன்ஸ் லீக்கில் ஒரே ஆட்டத்தில் நான்கு அடித்த முதல் ஆள் அவர்தான். டிசம்பரில் கணுக்காலில் மீண்டும் அறுவைச் சிகிச்சை. வசந்தத்தில் திரும்பினார், ஆனால் பழைய வேகம் இல்லை. 1993 மே 26 அன்று மியூனிக்கில் மார்சேயிடம் மிலான் 0-1 என்று தோற்ற இறுதிப்போட்டியில் ஆட்டம் முடியச் சில நிமிடங்கள் இருக்கும்போது வெளியே அழைக்கப்பட்டார். அதோடு சரி. 1994-இல் காலைச் சுற்றி இலிசரோவ் கம்பிச் சட்டம் மாட்டிப் பார்த்தார்கள். எலும்பில் கம்பி செருகி, மூட்டைச் சில மில்லிமீட்டர் பிரித்து வைத்தால் குருத்தெலும்பு கொஞ்சமாவது மீளும் என்ற நம்பிக்கை. மீளவில்லை. 1995 ஆகஸ்ட்டில் ஓய்வை அறிவித்தார். பின்னர் மூட்டையே அசையாமல் இணைத்துவிட்டார்கள். அந்தச் சிகிச்சையில் வலி போகும், கூடவே கணுக்காலின் அசைவும் போகும்.

இனி அந்த 1988 கோல். சோவியத் அணிக்கு எதிரான அந்த இறுதிப்போட்டியும் மியூனிக்கின் அதே ஒலிம்பிக் மைதானத்தில்தான். இடப்பக்கமிருந்து சக வீரர், 37 வயது ஆர்னால்ட் ம்யூரன் உயரமாக ஒரு கிராஸ் தூக்கிப்போடுகிறார். பந்து பெனால்டி ஏரியாவின் வலது ஓரத்தில் இறங்குகிறது. கோல் கோட்டுக்கு அவ்வளவு பக்கத்தில் கோணமே இல்லை. பந்தை நிறுத்தினால் தடுப்பாட்டக்காரர் வந்துவிடுவார். வான் பாஸ்டன் நிறுத்தாமல், பந்து தரையைத் தொடும் முன்பே வலது காலால் வாலி அடிக்கிறார். பந்து கோல்கீப்பர் தசாயேவின் தலைக்கு மேலே போய்த் தூரத்து மூலையில் இறங்குகிறது. தினமும் விழுகிற கோல் இல்லைதான். ஆனால் 1986-இல் டென் போஸ் அணியை எதிர்த்து அவர் அடித்த பைசிக்கிள் கிக்கையும், கோத்தன்பர்க் ஆட்டத்தில் தலைகீழாகத் திரும்பி அடித்ததையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். காற்றில் வரும் பந்தின் நேரத்தைக் கணிப்பது அவருக்கு வழக்கமான வேலை. அதிர்ஷ்டம் என்று சொல்ல வேண்டுமென்றால் ஒன்றைச் சொல்லலாம்: அந்தத் தொடரின் முதல் ஆட்டத்தில், இதே சோவியத் அணிக்கு எதிராக, அவர் தொடக்க அணியிலேயே இல்லை. 12-ஆம் எண் சட்டையோடு பெஞ்சில் இருந்தார். அடுத்த ஆட்டத்தில் இங்கிலாந்துக்கு மூன்று கோல் போட்ட பிறகு அவரை யாரும் உட்கார வைக்கவில்லை.

முதலில் பார்க்க வேண்டியது இந்த வாலியை அல்ல. ஹாம்பர்க்கில் மேற்கு ஜெர்மனியை எதிர்த்த அரையிறுதியில், முடியும் தறுவாயில் விழுந்த வெற்றி கோலைப் பாருங்கள். சக வீரர் யான் வவுட்டர்ஸ் தரையோடு பந்தைத் தள்ளுகிறார். ஜெர்மனியின் தடுப்பாட்டக்காரர் யூர்கன் கோலர் வான் பாஸ்டனின் பக்கத்திலேயே ஓடுகிறார். வான் பாஸ்டன் அடிக்கக் காலை ஓங்கவில்லை, ஓங்க நேரமும் இல்லை. கோலரின் கால் நீளுவதற்கு ஒரு கணம் முன்பே தானும் சறுக்கி, பந்தைத் தூரத்து மூலைக்குத் திருப்பிவிடுகிறார். அடியில் வேகம் குறைவு, ஆனாலும் கோல்கீப்பர் இம்மெலின் கைக்கு எட்டவில்லை. மெதுவாக ஓடவிட்டு, கோலரை விட்டுவிட்டு வான் பாஸ்டனின் காலை மட்டும் கவனியுங்கள். குரோனிங்கனுக்கு எதிராகச் சறுக்கியதற்கு ஒன்றரை ஆண்டு கழித்து, திரும்பவும் சறுக்குகிறார்.